மன்றத்தில் யாருக்கு இடம், யாருக்கு வாக்கு? – உள்ளாட்சி பற்றிய வாசகர் கேள்விகளும் பதில்களும்

உள்ளாட்சி மன்றங்களின் அமைப்பைப் பற்றி வந்த கடிதங்களில் ஒரே பொருளில் எழுதப்பட்டவற்றைச் சேர்த்து இங்கே பதில் தந்திருக்கிறேன். பதில்கள் தமிழ்நாட்டுச் சட்டங்களைப் பற்றியவை. அரசமைப்புச் சட்டம் நாடு முழுமைக்கும் பொதுவாக வகுத்திருப்பவற்றை அந்தந்த இடத்தில் சொல்லியிருக்கிறேன்.

கேள்வி: 2019 டிசம்பர் ஊராட்சித் தேர்தலில் என் கையில் நான்கு நிறங்களில் நான்கு வாக்குச் சீட்டுகள் தந்தார்கள். முத்திரை குத்திப் பெட்டியில் போட்டுவிட்டு வந்தேன். யாரை எதற்குத் தேர்ந்தெடுத்தேன் என்று இன்றுவரை தெளிவாகத் தெரியவில்லை. (வாசகர், திருவாரூர் மாவட்டம்)

வெள்ளைச் சீட்டு உங்கள் வார்டு உறுப்பினருக்கு உரியது. ஒரே வாக்குச்சாவடியில் இரண்டு வார்டுகளின் வாக்காளர்கள் வாக்களிக்க நேர்ந்த இடங்களில், குழப்பம் வராதிருக்க ஒரு வார்டுக்கு இளநீலச் சீட்டு தரப்பட்டது. இளஞ்சிவப்புச் சீட்டு ஊராட்சி மன்றத் தலைவருக்கும், பச்சைச் சீட்டு ஊராட்சி ஒன்றிய வார்டு உறுப்பினருக்கும், மஞ்சள் சீட்டு மாவட்ட ஊராட்சி வார்டு உறுப்பினருக்கும் உரியவை.

முதல் இரண்டு சீட்டுகளால் அமைந்தது உங்கள் ஊரின் மன்றம். அதன் தலைவரை ஊர் முழுவதும் சேர்ந்து நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறது. துணைத் தலைவரை மக்கள் தேர்ந்தெடுப்பதில்லை. வார்டு உறுப்பினர்களுள் ஒருவர் மறைமுகத் தேர்தலில், அதாவது மன்றத்தில் இருப்பவர்கள் மட்டும் வாக்களிக்கும் தேர்தலில், அப்பதவிக்கு வருகிறார். பச்சைச் சீட்டில் வென்றவரைத்தான் ஊரில் ஒன்றியக் கவுன்சிலர் என்கிறோம். ஏறத்தாழ 5,000 மக்கள்தொகைக்கு ஓர் ஒன்றிய வார்டு, ஏறத்தாழ 50,000 பேருக்கு ஒரு மாவட்ட ஊராட்சி வார்டு என்பது கணக்கு. ஆகவே சிறிய ஊராட்சிகள் இரண்டு மூன்று சேர்ந்து ஒரே ஒன்றிய வார்டாக இருப்பது இயல்பு. ஒன்றியக் குழுத் தலைவரையும் மாவட்ட ஊராட்சித் தலைவரையும் அந்தந்த மன்றத்தின் உறுப்பினர்கள் தமக்குள்ளேயே தேர்ந்தெடுத்துக்கொள்கிறார்கள். நீங்கள் வாக்களித்த அந்தத் தேர்தலுக்குப்பின் 2020 ஜனவரி 11 அன்று நடந்தது இந்த மறைமுகத் தேர்தலே. இருவர் சம வாக்குகள் பெற்றால் குலுக்கல் முறையில் முடிவு செய்வார்கள். ஐந்தாண்டுப் பதவியைத் துண்டுச் சீட்டு தீர்மானிப்பது சிலருக்கு வேடிக்கையாகப் படலாம். ஆனால் அது முறையான வழிதான்.

கேள்வி: எங்கள் ஊராட்சித் தலைவர் எந்தக் கட்சிக்காரர் என்பது ஊருக்கே தெரியும். ஆனால் அவர் சுயேச்சைச் சின்னத்தில் நின்றார். அவர் வேறு கட்சிக்கு மாறினால் பதவி போகுமா? ஒன்றியக் கவுன்சிலர் மாறினால்? (வாசகர், நாமக்கல் மாவட்டம்)

இருவருக்குமே போகாது; ஆனால் காரணங்கள் வேறு. தமிழ்நாட்டில் ஊராட்சித் தலைவர், ஊராட்சி வார்டு உறுப்பினர் ஆகிய பதவிகளுக்கான தேர்தல் கட்சி அடிப்படையில் நடப்பதில்லை. பூட்டு சாவி போன்ற பொதுச் சின்னங்களை வைத்துத்தான் போட்டி. சட்டத்தின் கண்ணில் உங்கள் தலைவருக்குக் கட்சியே கிடையாது. எனவே கட்சி மாறினார் என்ற பேச்சுக்கும் இடமில்லை.

ஒன்றிய, மாவட்ட ஊராட்சி உறுப்பினர்கள் கட்சிச் சின்னத்தில் நிற்கிறார்கள். என்றாலும் கட்சித் தாவலைத் தடுக்கும் அரசமைப்புச் சட்டத்தின் பத்தாம் அட்டவணை நாடாளுமன்றத்துக்கும் சட்டமன்றங்களுக்கும் மட்டுமே பொருந்தும். உள்ளாட்சி மன்றங்களை அது தொடுவதில்லை. கேரளம் 1999இல் உள்ளாட்சி உறுப்பினர்களுக்கென்றே தனியாகக் கட்சித் தாவல் தடைச் சட்டம் இயற்றிக்கொண்டது. நம்மிடம் அப்படி ஒன்று இல்லை. மறைமுகத் தேர்தலுக்கு முந்தைய நாட்களில் கவுன்சிலர்களைச் சொகுசுப் பேருந்தில் ஏற்றி வெளியூர் விடுதிகளில் தங்கவைப்பது ஏன் என்று வியப்பவர்களுக்கு விடை இங்கேதான் இருக்கிறது.

கேள்வி: நான் சென்னையில் வேலை பார்க்கிறேன். சொந்த ஊரில் வீடும் நிலமும் உண்டு. வாக்கு சென்னையில் இருக்கிறது. ஊராட்சித் தலைவர் பதவிக்குப் போட்டியிடலாமா? வேறு என்ன தகுதிகள் வேண்டும்? (வாசகர், சென்னை)

உங்கள் பெயர் அந்த ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் இருந்தாலன்றிப் போட்டியிட முடியாது. பட்டா, பரம்பரை வீடு, குலதெய்வக் கோயிலில் முதல் மரியாதை ஆகிய எதுவும் இதற்கு ஈடாகாது. உள்ளாட்சி வாக்காளர் பட்டியல் சட்டமன்றத் தொகுதிப் பட்டியலை அடிப்படையாகக் கொண்டே தயாரிக்கப்படுவதால், முதலில் நீங்கள் உண்மையாகவே அங்கே குடியிருந்து, சென்னையில் உள்ள பெயரை நீக்கி ஊருக்கு மாற்றிக்கொள்ள வேண்டும். அந்த ஊராட்சியின் பட்டியலில் பெயர் வந்துவிட்டால், உங்கள் வீடு எந்த வார்டில் இருந்தாலும் ஊராட்சியின் வேறொரு வார்டில் உறுப்பினராக நிற்கவும் தடையில்லை.

வயது 21 நிறைந்திருக்க வேண்டும். சட்டமன்றத்துக்கு 25 வயது தேவை என்றிருக்க, உள்ளாட்சிக்கு 21 போதும் என்று அரசமைப்புச் சட்டமே வெளிப்படையாகச் சொல்கிறது.

தகுதியின்மைகளில் மூன்றை மட்டும் விரித்துச் சொல்கிறேன். வேட்புமனுப் பரிசீலனையில் பலர் சறுக்குவது இவற்றில்தான். முதலாவது வரிப் பாக்கி. ஊராட்சிக்குச் செலுத்த வேண்டிய வீட்டு வரியோ குடிநீர்க் கட்டணமோ கேட்புச் சீட்டு தரப்பட்டும் உரிய காலத்தில் கட்டப்படாமல் இருந்தால், எதிர்த்து நிற்பவர் அதைத் தேடி எடுத்துவந்து மேசையில் வைத்துவிடுவார். மனு போடுவதற்கு முன்பே எல்லாவற்றையும் கட்டி ரசீதுகளைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாவது ஒப்பந்தம். அந்த ஊராட்சியின் சாலைப் பணியையோ குழாய்ப் பணியையோ ஒப்பந்தம் எடுத்து அது நடைமுறையில் இருக்கும்போது அதே ஊராட்சி மன்றத்தில் உறுப்பினராக முடியாது. பணம் கொடுப்பவரும் வாங்குபவரும் ஒருவராக இருக்கக் கூடாது என்பதே இதன் கருத்து. மூன்றாவது பழைய தேர்தல் கணக்கு. முன்பு போட்டியிட்டுத் தோற்று, செலவுக் கணக்கை ஒப்படைக்காமல் விட்டவர்களை மாநிலத் தேர்தல் ஆணையம் மூன்று ஆண்டுகளுக்குத் தகுதி நீக்கம் செய்யலாம். தோற்றவனுக்கு எதற்குக் கணக்கு என்று இருந்தவர்கள் அடுத்த முறை மனு போட வரும்போதுதான் விழித்துக்கொள்கிறார்கள்.

அரசு ஊழியர்கள் பதவியில் இருந்துகொண்டே போட்டியிட முடியாது.

கேள்வி: இரண்டு குழந்தைகளுக்கு மேல் இருந்தால் நிற்க முடியாது, பத்தாம் வகுப்பு படித்திருக்க வேண்டும் என்றெல்லாம் கைபேசியில் செய்தி வருகிறது. உண்மையா? (வாசகி, தேனி)

தமிழ்நாட்டில் இரண்டும் இல்லை. ஹரியானாவின் இரு குழந்தை விதியை 2003இலும், அதே மாநிலத்தின் கல்வித் தகுதி விதியை 2015இலும் உச்ச நீதிமன்றம் செல்லும் என்று சொன்னது உண்மை. அந்தச் செய்திகள் மாநிலப் பெயர் உதிர்ந்து உங்களிடம் வந்திருக்கக்கூடும். ராஜஸ்தான் கொண்டுவந்த கல்வித் தகுதியை 2019இல் அந்த மாநிலமே கைவிட்டது. ஆந்திரம் இரு குழந்தை விதியை 2024இல் நீக்கியது.

கேள்வி: எங்கள் ஊராட்சி பட்டியல் சாதிப் பெண்ணுக்கு ஒதுக்கப்பட்டது, பக்கத்து ஊராட்சி பொது. இதை யார், எப்படி முடிவு செய்கிறார்கள்? பிற்படுத்தப்பட்டோருக்கு ஏன் ஒதுக்கீடு இல்லை? பொது இடத்தில் பெண்கள் நிற்கலாமா? (வாசகர், சிவகங்கை மாவட்டம்)

கடைசிக் கேள்வியை முதலில் முடித்துவிடுகிறேன். பொது இடம் என்பது எல்லோருக்கும் திறந்த இடம். பெண்களும் பட்டியல் சாதியினரும் பழங்குடியினரும் தாராளமாகப் போட்டியிடலாம். பொது என்றால் ஆண்கள் இடம் என்ற எண்ணம் ஊர்களில் ஊறிக் கிடக்கிறதே தவிர, சட்டத்தில் அப்படி ஒரு வரியும் இல்லை.

ஒதுக்கீட்டின் அடித்தளம் 1993 ஏப்ரல் 24 முதல் நடைமுறைக்கு வந்த 73ஆவது அரசமைப்புத் திருத்தம். பட்டியல் சாதியினர்க்கும் பழங்குடியினர்க்கும் அவர்கள் மக்கள்தொகை விகிதத்தில் உறுப்பினர் இடங்கள் ஒதுக்கப்பட வேண்டும்; அவ்விடங்களுக்குள்ளும் பெண்களுக்குப் பங்கு இருக்க வேண்டும்; மொத்தத்தில் மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாமல் பெண்களுக்கு இருக்க வேண்டும். தலைவர் பதவிகளுக்கும் இதே ஏற்பாடு உண்டு. தமிழ்நாடு 2016இல் சட்டத்தைத் திருத்திப் பெண்களின் பங்கைப் பாதியாக உயர்த்தியது. எந்த இடம் யாருக்கு என்பதை மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் எண்களை வைத்து முடிவு செய்து அரசிதழில் வெளியிடுகிறார்கள்; இடங்கள் சுழற்சி முறையில் மாறும். எனவே உங்கள் ஊராட்சிக்குக் கிடைத்த ஒதுக்கீடு தண்டனையும் அன்று, நிரந்தரமும் அன்று.

பிற்படுத்தப்பட்டோருக்கு ஒதுக்கீடு செய்ய மாநிலங்களுக்கு அரசமைப்புச் சட்டம் அனுமதி தந்திருக்கிறது, கட்டாயமாக்கவில்லை. தமிழ்நாட்டு உள்ளாட்சித் தேர்தல்களில் அது இல்லை. கல்வியிலும் வேலைவாய்ப்பிலும் பிற்படுத்தப்பட்டோர் ஒதுக்கீட்டில் முன்னோடியாக இருந்த மாநிலத்தில் இப்படியா என்று சிலர் வியக்கிறார்கள். நேரடித் தேர்தலில் எண்ணிக்கை பலமுள்ள சமூகங்கள் ஒதுக்கீடு இல்லாமலேயே வென்றுவருகின்றன என்பது என் கணிப்பு. எண்ணிக்கை குறைந்த பிற்படுத்தப்பட்ட சமூகங்களின் குறை நியாயமானதுதான்.

உங்கள் கடிதத்தின் தொனியில் ஒரு மனத்தாங்கல் தெரிவதால் இதையும் சேர்க்க வேண்டியிருக்கிறது. 1996இல் தலைவர் பதவிகள் பட்டியல் சாதியினர்க்கு ஒதுக்கப்பட்டபின், மதுரை மாவட்டத்தின் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், விருதுநகர் மாவட்டத்தின் கொட்டக்காச்சியேந்தல் ஆகிய நான்கு ஊராட்சிகளில் பத்தாண்டுகள் தலைவர் என ஒருவர் நிலைக்க முடியவில்லை. மனுத் தாக்கல் செய்ய ஆள் வராது. வந்து வென்றாலும் பதவியேற்ற கையோடு விலகல் கடிதம் வந்துவிடும். மேலூருக்கு அருகே மேலவளவில் தலைவராக வென்ற முருகேசனும் உடனிருந்தவர்களும் 1997 ஜூன் 30 அன்று வெட்டிக் கொல்லப்பட்டனர். அந்த நான்கு ஊராட்சிகளிலும் 2006 அக்டோபரில்தான் தேர்தல் முறையாக நடந்து தலைவர்கள் பதவியில் தங்கினார்கள். விகிதக் கணக்கும் சுழற்சியும் அரசிதழில் வெறும் எண்களாகத் தெரியலாம். அவற்றுக்காக உயிரும் போயிருக்கிறது.

கேள்வி: எங்கள் தலைவர் ஒரு பெண். மன்றக் கூட்டத்தில் அவருடைய கணவர்தான் தலைவர் நாற்காலிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பேசுகிறார். சட்டத்தில் அவருக்கு ஏதாவது நிலை உண்டா? (வார்டு உறுப்பினர், தருமபுரி மாவட்டம்)

எந்த நிலையும் இல்லை. மன்றம் என்பது தலைவரும் வார்டு உறுப்பினர்களும் மட்டுமே. கணவர், மகன், அண்ணன் எவரும் அங்கே பேசவோ, தீர்மானப் புத்தகத்தைக் கையாளவோ உரிமையற்றவர்கள். ஊராட்சியின் காசோலையில் தலைவரும் துணைத் தலைவரும் இணைந்து கையெழுத்திட வேண்டும் என்பது இங்கே நடைமுறை. அந்த இரண்டு கையெழுத்துகளில் ஒன்றை வீட்டிலிருந்து வேறொருவர் போட்டால் அது வெறும் மரபு மீறலன்று, மோசடி. நீங்கள் உறுப்பினர் என்பதால் கூட்டத்திலேயே எழுந்து, உறுப்பினர் அல்லாதவர் பங்கேற்பதற்கு எதிர்ப்புத் தெரிவித்து, அதைக் கூட்ட நடவடிக்கைக் குறிப்பில் பதியச் சொல்லுங்கள். பதிய மறுத்தால் எழுத்து மூலமாக வட்டார வளர்ச்சி அலுவலருக்கும் மாவட்ட ஆட்சியருக்கும் அனுப்புங்கள். ஒன்றை மட்டும் கவனத்தில் வையுங்கள்: புகார் கணவரின் தலையீட்டைப் பற்றியதாக இருக்கட்டும், அந்தப் பெண்மணியைப் பதவியிலிருந்து இறக்குவதற்கான சாக்காக அதை வேறு சிலர் எடுத்துக்கொள்ளக்கூடும்.

கேள்வி: ஒன்றியக் கூட்டத்துக்கு எம்.எல்.ஏ. வந்து உட்கார்ந்துகொள்கிறார். அவர் உறுப்பினரா, விருந்தினரா? தலைவர் தேர்தலில் அவருக்கு வாக்கு உண்டா? (வாசகர், ஈரோடு மாவட்டம்)

உறுப்பினர்தான். அந்தப் பகுதியை உள்ளடக்கிய மக்களவை, சட்டமன்ற உறுப்பினர்களுக்கும், அங்கே வாக்காளராகப் பதிந்துள்ள மாநிலங்களவை உறுப்பினருக்கும் இடைநிலை ஊராட்சியிலும் (நம் ஊராட்சி ஒன்றியம்) மாவட்ட ஊராட்சியிலும் இடம் தர அரசமைப்புச் சட்டம் வழி செய்திருக்கிறது. கூட்டத்தில் பேசலாம், தீர்மானங்கள்மீது வாக்களிக்கலாம். தலைவரைத் தேர்ந்தெடுப்பதில் மட்டும் அவருக்குப் பங்கில்லை. அந்தத் தலைவர் தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர்களால், தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர்களுக்குள்ளிருந்து வர வேண்டும் என்பது அரசமைப்புச் சட்டத்தின் நிபந்தனை. மறைமுகத் தேர்தல் நாளன்று எம்.எல்.ஏ. ஒன்றிய அலுவலக வாசலில் காரை நிறுத்தி நிற்பதற்குச் சட்டத்தில் விளக்கமில்லை, அரசியலில் உண்டு.

கேள்வி: மேயரை ஒருமுறை மக்கள் தேர்ந்தெடுக்கிறார்கள், இன்னொரு முறை கவுன்சிலர்கள் தேர்ந்தெடுக்கிறார்கள். ஏன் இந்த ஊசலாட்டம்? ஒன்றியத் தலைவருக்கு மட்டும் முறை மாறுவதே இல்லையே? (வாசகி, கோயம்புத்தூர்)

இரண்டாவது கேள்வியிலேயே முதலாவதுக்கு விடை இருக்கிறது. ஒன்றியத் தலைவரையும் மாவட்ட ஊராட்சித் தலைவரையும் தேர்ந்தெடுக்கும் முறையை அரசமைப்புச் சட்டமே நிர்ணயித்துவிட்டது. மாநில அரசு நினைத்தாலும் மாற்ற முடியாது. மேயர், நகராட்சித் தலைவர், பேரூராட்சித் தலைவர் ஆகியோரைத் தேர்ந்தெடுக்கும் முறையையோ மாநிலச் சட்டமன்றத்தின் கையில் விட்டிருக்கிறது. ஆட்சியில் இருப்பவர்களுக்கு எது தோதோ அதுவே சட்டமாகிறது. 1996, 2001 தேர்தல்களில் மக்கள் நேரடியாக வாக்களித்தார்கள்; 2006இல் மறைமுகம்; 2011இல் மறுபடி நேரடி; 2019 நவம்பரில் அவசரச் சட்டத்தின் மூலம் மீண்டும் மறைமுகம். 2022 பிப்ரவரி 19 தேர்தல் அந்த முறையிலேயே நடந்தது. சென்னையில் 200 வார்டு உறுப்பினர்கள், உங்கள் கோவையில் 100 வார்டு உறுப்பினர்கள் சேர்ந்து மேயரைத் தேர்ந்தெடுத்தார்கள்.

இரண்டு முறைக்கும் குறை உண்டு. நேரடியாக வென்ற மேயருக்கு மன்றத்தில் பெரும்பான்மை இல்லாவிட்டால் தீர்மானங்கள் தேங்கும். மறைமுகமாக வந்தவர் வார்டு உறுப்பினர்களின் தயவை எதிர்பார்த்தே நாளைக் கடத்த வேண்டும். நேரடித் தேர்தலே மேல் என்பது என் கருத்து; நகரம் முழுவதற்கும் பதில் சொல்ல ஒருவராவது இருப்பார்.

கேள்வி: எங்கள் ஊராட்சியில் வார்டு உறுப்பினர்கள் அனைவரும் தலைவருக்கு எதிராக இருக்கிறோம். நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டுவந்து நீக்க முடியாதா? (வார்டு உறுப்பினர், பெரம்பலூர் மாவட்டம்)

நீங்களாகவே நீக்க முடியாது. அவரைத் தேர்ந்தெடுத்தது நீங்கள் அல்லர், ஊர். மன்றத்தின் மொத்த உறுப்பினர்களில் மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையாதோர் கையொப்பமிட்டு, குற்றச்சாட்டுகளை எழுதி, ஊராட்சிகளின் ஆய்வாளர் என்ற முறையில் மாவட்ட ஆட்சியரிடம் கொடுக்கலாம். ஆட்சியர் தாமாகவும் நடவடிக்கை தொடங்கலாம். தலைவரிடம் விளக்கம் கேட்கப்படும். விளக்கம் நிறைவாக இல்லையென்றால் வட்டாட்சியர் மன்றத்தைக் கூட்டி உறுப்பினர்களின் கருத்தைப் பதிவு செய்வார். அந்தக் கூட்டத்தில் குற்றச்சாட்டுகளின் தகுதி பற்றி வட்டாட்சியர் வாய் திறக்கக் கூடாது. இறுதி முடிவு ஆட்சியருடையது. அதன்மீது அரசிடம் மேல்முறையீடு செய்யலாம்.

குற்றச்சாட்டு என்பது வேண்டுமென்றே சட்டத்தை மீறியது, அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தியது போன்றவையாக இருக்க வேண்டும். "எங்களைக் கலந்துகொள்வதில்லை", "மரியாதை தருவதில்லை" என்பவற்றை மட்டும் எழுதி அனுப்பினால் கோப்பு அங்கேயே படுத்துவிடும். எந்தத் தேதித் தீர்மானம், எந்தப் பணி, எவ்வளவு தொகை என்று ஆவணத்தோடு எழுதுங்கள்.

கேள்வி: மாற்றுத்திறனாளிகளை மன்றங்களில் நியமிக்கப் போவதாகச் செய்தி வந்ததே? (வாசகர், விருதுநகர்)

2025இல் தமிழ்நாடு சட்டமன்றம் நகர்ப்புற, ஊரக உள்ளாட்சிச் சட்டங்களை அதற்காகத் திருத்தியது. இது தேர்தல் வழியாக வரும் இடமன்று, நியமன இடம். நகர மன்றங்களில் நியமன உறுப்பினர்களுக்கு வாக்குரிமை இல்லை என்பது அரசமைப்புச் சட்டத்திலேயே உள்ள விதி. வாக்கு இல்லாவிட்டாலும், சாய்தளம் இல்லாத அலுவலகக் கட்டடத்தைப் பற்றி அந்த அலுவலகத்துக்குள்ளேயே ஒருவர் குரல் எழுப்ப முடியும் என்பது சிறிய மாற்றமன்று.

கேள்வி: எங்கள் ஊராட்சி மன்றத்தின் காலம் 2025 ஜனவரியில் முடிந்து தனி அலுவலர் வந்துவிட்டார். ஐந்தாண்டுக்கு மேல் மன்றத்தை நீட்டிக்க முடியாதா? அல்லது தேர்தல் நடக்கும்வரை பழையவர்களே இருக்கக் கூடாதா? (முன்னாள் ஊராட்சித் தலைவர், புதுக்கோட்டை மாவட்டம்)

முடியாது. முதல் கூட்டத்துக்குக் குறித்த நாளிலிருந்து ஐந்து ஆண்டுகள். அதற்கு மேல் ஒரு நாளும் இல்லை என்று அரசமைப்புச் சட்டம் அறுதியிட்டுச் சொல்கிறது. நீங்கள் 2020 ஜனவரி 6 அன்று பதவியேற்றீர்கள். 2025 ஜனவரி 5 உடன் காலம் முடிந்தது. அதே சட்டம் காலம் முடிவதற்கு முன்பே அடுத்த தேர்தலை நடத்தி முடிக்க வேண்டும் என்றும் சொல்கிறது என்பதுதான் இதில் வேதனை. முதல் பாதியை அரசுகள் எழுத்துக்கு எழுத்து கடைப்பிடிக்கின்றன; இரண்டாம் பாதிக்கு வார்டு மறுவரையறை, எல்லை மாற்றம், வழக்கு என்று காரணங்கள் வரிசையில் நிற்கின்றன. தேர்தலை உரிய காலத்தில் நடத்துவது தேர்தல் ஆணையத்தின் கடமை என்று 2006இல் அகமதாபாத் மாநகராட்சி தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொல்லியிருக்கிறது.

நம் மாநிலத்தில் இது முதல் முறையும் அன்று. 2016 அக்டோபர் 17, 19 தேதிகளில் நடக்கவிருந்த தேர்தலை, பழங்குடியினர் ஒதுக்கீடு முறையாகச் செய்யப்படவில்லை என்ற வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் அக்டோபர் 4 அன்று ரத்து செய்தது. அதன்பின் ஊரகப் பகுதிகளுக்கு 2019 டிசம்பர்வரை தேர்தல் இல்லை. மாவட்டப் பிரிவினைக்கு ஆளான நெல்லை, தென்காசி, வேலூர், விழுப்புரம் உள்ளிட்ட ஒன்பது மாவட்டங்கள் 2021 அக்டோபர்வரை காத்திருந்தன. அங்கே மன்றங்கள் உங்களுக்குப் பின்னால் தொடங்கியதால் காலமும் பின்னால்தான் முடியும். நகரங்களில் புதிய உறுப்பினர்கள் 2022 மார்ச்சில்தான் பதவியேற்றார்கள். அதாவது ஒரு மன்றத்தின் முழுப் பதவிக்காலத்தைவிட அதிக காலம் அதிகாரிகளே நகரங்களை நடத்தினார்கள்.

உங்கள் ஊரில் இப்போது வட்டார வளர்ச்சி அலுவலர் தனி அலுவலராக இருந்து மன்றத்தின் அதிகாரங்களைச் செலுத்துவார். ஒரே அலுவலர் ஒன்றியத்தின் எல்லா ஊராட்சிகளுக்கும் பொறுப்பு என்பதால், தெருவிளக்கு எரியவில்லை என்று சொல்வதற்குக்கூட ஒன்றிய அலுவலகம்வரை போக வேண்டியிருக்கிறது. ஆனால் கிராம சபை கலையவில்லை. அது தேர்ந்தெடுக்கப்பட்டவர்களின் மன்றமன்று, வாக்காளர் பட்டியலில் உள்ள எல்லோருடைய சபை. ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய நாட்களில் அது கூட வேண்டும். தலைவர் என்ற முறையில் உங்களுக்கு இருந்த நாற்காலி இப்போது இல்லை. வாக்காளர் என்ற முறையில் எழுந்து கணக்குக் கேட்கும் உரிமை அப்படியே இருக்கிறது.

கேள்வி: ஒரு மன்றத்தை அரசு இடையில் கலைத்துவிட்டால், மறுதேர்தலில் வருபவர்களுக்குப் புதிதாக ஐந்தாண்டு கிடைக்குமா? (வாசகர், கரூர்)

கிடைக்காது. கலைத்த நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் தேர்தல் நடத்த வேண்டும். வருபவர்களுக்குப் பழைய மன்றத்தின் எஞ்சிய காலம் மட்டுமே உரியது. எஞ்சியது ஆறு மாதத்துக்கும் குறைவு என்றால் அதற்கென்று தனியாகத் தேர்தல் நடத்தத் தேவையில்லை.